வால் நட்சத்திரம் காணாத ஏழு நாள்

"இது என்னங்க வாத்தியாரம்மா, கொஞ்சங்கூட நியாயமில்லாம இருக்குது?" என்றார் தெய்வசிகாமணி.

"எதுங்க ஐயா?"

"அந்த வால் நட்சத்திரம் மங்கலா இருந்தப்ப ரெண்டு மணி நேரம் மேக்கே நின்னுச்சு. சாவகாசமாப் பார்த்தோம். இப்பப் பளிச்சுனு இருக்குது. நல்லாப் பார்க்கலாம்னு உக்கார்றதுக்குள்ள இறங்கிப் போயிருது. நேத்து அரை மணி நேரங்கூடத் தாங்கலீங்க."

வாத்தியாரம்மா பைனாகுலரைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"சூரியன்கிட்டப் போகுதுங்க."

"அதுதான் தெரியுமே."

"கிட்டப் போறதாலதான் பளிச்சுனு இருக்குது. கிட்டப் போறதாலதான் சூரியன் பின்னாடியே இறங்கவும் இறங்குது."

"ரெண்டுக்கும் அதேதானா காரணம்?"

"அதேதான்."

"போங்கம்மா," என்று அலுத்துக்கொண்டு பாறைமேல் உட்கார்ந்தார் தெய்வசிகாமணி.

அவருக்கு வயது ஐம்பத்தேழு. வாத்தியாரம்மா குழந்தையம்மாளுக்கு முப்பத்தாறு. குருவுக்கு ஒரு முடி நரைக்கவில்லை, சீடருக்கு ஒரு முடி கறுப்பில்லை. ஊர் சும்மா இருக்குமா? டீக்கடையில் வைத்துச் சிரித்தது. சிரித்தவர்களில் ஒருத்தராவது வெள்ளைக்கரடு என்ற குன்றின் நூற்றியெண்பது படியை ஏறிப் பார்த்திருக்க வேண்டும். மூச்சு வாங்குகிற வாய்க்குச் சிரிப்பு வராது.

குழந்தையம்மாள் பகலில் கீழே பள்ளிக்கூடத்தில் அறிவியல் நடத்துவார். சாயங்காலமானால் கரட்டு உச்சி. அங்கே ஓட்டுக் கூரை போட்ட ஒற்றை அறை, ஒரு சமதளப் பாறை, அதற்கு மேலே வானம். பார்க்க வருகிற யாரையும் அவர் தடுப்பதில்லை. ராசிபலன் கேட்டு வருகிறவர்களுக்கு மட்டும் டீ கொடுத்துத் திருப்பி அனுப்பிவிடுவார்.

தங்கிக் கற்றுக்கொள்கிறேன் என்று வருகிறவர்களுக்கு இரண்டே நிபந்தனை.

ஒன்று, சூரியன் முழுசாக இறங்காமல் பைனாகுலரைத் தொடக் கூடாது.

இரண்டு, நோட்டு போட வேண்டும். தேதி, நேரம், பார்த்தது. பார்த்ததை மட்டும்.

தெய்வசிகாமணி முதல் நாளே இதில் மாட்டிக்கொண்டார். வால் நட்சத்திரத்தை வரையச் சொன்னபோது, ரயிலுக்குப் பின்னால் புகை போகிற மாதிரி, அது வந்த திசையில் வாலைப் படுக்கப் போட்டு வரைந்திருந்தார்.

"வால் எங்கிட்டு இருக்குதுங்க?" என்று கேட்டார் வாத்தியாரம்மா.

"ஓடறதுக்குப் பின்னாடிதானுங்களே வால் இருக்கும்?"

"பார்த்து வரைஞ்சீங்களா, நினைச்சு வரைஞ்சீங்களா?"

மறுபடி பைனாகுலரை வாங்கிப் பார்த்தார். வால் எழுந்து மேலே நின்றது. சூரியன் எந்தப் பக்கம் இறங்கியதோ அதற்கு நேர் எதிர்ப்பக்கம். அது எங்கே ஓடினாலும் வால் சூரியனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டுதான் இருக்கும் என்றார் வாத்தியாரம்மா. தெய்வசிகாமணி ரப்பரை எடுத்தார்.

அவர் கரட்டுக்கு வந்தது வானத்தின்மேல் இருந்த ஆசையால் இல்லை. வீட்டில் இருக்க முடியாமல் வந்தார்.

கீழே எட்டுத் தறி ஓடுகிற பட்டறை அவருடையது. மனைவி இறந்து ஏழு வருடம். ஒரே மகன் பூபதி, இருபத்து நான்கு வயது. அம்மா போய்ச் சேர்ந்த வருடமே குடிக்க ஆரம்பித்தவன். மூன்று தடவை விட்டான். மூன்று தடவையும் இவர் நம்பினார். மூன்றாம் தடவை, குலதெய்வக் கோயிலில் சூடத்தை அடித்துச் சத்தியம் செய்து, பத்தாம் நாள் பேருந்து நிலையத்தில் விழுந்து கிடந்தான். தூக்கி வந்தவர்கள் அவனுடைய செருப்பை அங்கேயே விட்டுவிட்டு வந்தார்கள்.

இந்தத் தடவை அவனே போய்க் குடி நிறுத்தும் இல்லத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தான். எட்டு வாரம் உள்ளேயே இருக்க வேண்டும். வீட்டார் பார்க்க அனுமதி கிடையாது. ஞாயிற்றுக்கிழமை நாலு மணியிலிருந்து ஐந்து மணி வரை கேட் வரைக்கும் வரலாம், மாற்றுத்துணி கொடுக்கலாம், அவ்வளவுதான்.

கூட்டிப் போக வண்டி வந்த அன்று தெய்வசிகாமணி பட்டறைக்குள் போய் நின்றுகொண்டார். தறிச் சத்தத்தில் வண்டி கிளம்பிய சத்தம் கேட்கவில்லை. கேட்கக் கூடாது என்றுதான் போய் நின்றார்.

அன்று சாயங்காலம் கரட்டில் ஏழெட்டுப் பேர் நின்று மேற்கே கை காட்டிக்கொண்டிருந்தது கீழேயிருந்து தெரிந்தது. ஏறினார். அப்புறம் ஒரு நாள் விடாமல் ஏறினார். ஞாயிற்றுக்கிழமைத் துணியைப் பட்டறை ஆள் ஒருத்தர் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வருவார்.

இருபத்தாறாம் நாள் வெள்ளிக்கிழமை.

சூரியன் இறங்கி இருபது நிமிடம் ஆகியிருந்தது. தூரத்துக் காற்றாலைகள் கறுப்பாக நின்றன. கையை நீட்டிப் பிடித்தால் அவற்றுக்கு மேலே இரண்டு விரல் உயரத்தில், செம்மஞ்சள் வானத்தில், அது இருந்தது.

அம்மாடி, என்ன வெளிச்சம்! பைனாகுலரே வேண்டியிருக்கவில்லை. காற்றில்லாத வீட்டில் ஊதுவத்திப் புகை எழும்புகிற மாதிரி வால் நேராக நின்றது.

தெய்வசிகாமணி கும்பிட்டுவிட்டார். கும்பிட்ட பிறகுதான் கையைப் பார்த்து வெட்கப்பட்டார்.

"கும்பிடுங்க, தப்பில்லை," என்றார் வாத்தியாரம்மா.

கால்மணி நேரத்தில் அது காற்றாலைகளுக்குப் பின்னால் போய்விட்டது.

"நாளைக்கு?"

"நாளைக்குத் தெரியாதுங்க. சூரிய வெளிச்சத்துக்குள்ள போயிரும்."

"அப்புறம்?"

"சூரியனைச் சுத்தி அந்தப் பக்கம் வந்துட்டா, விடியறதுக்கு முன்னாடி கிழக்கே தெரியும்."

"வந்துட்டான்னா?"

"சிலது வர்றதில்லீங்க. சூடு தாங்காம உடைஞ்சு பொடியாயிரும்."

"இது?"

"தெரியலீங்க."

தெய்வசிகாமணிக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "இத்தனை வருசமா வானத்தைப் பார்க்கறவங்க. நீங்களே தெரியலைன்னா எப்படிங்க?"

"தெரியாததைத் தெரியும்னு சொல்லட்டுங்களா?"

"வந்துரும்னு ஒரு வார்த்தை சொன்னா என்னங்க குறைஞ்சு போகுது?"

 அவர் எதைப் பற்றிக் கேட்கிறார் என்று வாத்தியாரம்மாவுக்குத் தெரியும். தெய்வசிகாமணிக்கும் தெரியும்.

வாத்தியாரம்மா பிளாஸ்கைத் திறந்து டீயை ஊற்றி அவர் கையில் கொடுத்தார்.

"பயமா இருக்குதுங்க எனக்கு," என்றார் தெய்வசிகாமணி.

"எனக்குந்தானுங்க," என்றார் குரு.



அதற்குப் பிறகு தெய்வசிகாமணி கரட்டுக்கு வரவில்லை. ஒரு நாள், இரண்டு நாள், ஏழு நாள். எட்டாம் நாள், மறு சனிக்கிழமை சாயங்காலம், நோட்டைக் கையில் பிடித்துக்கொண்டு ஏறி வந்தார். நல்ல பிள்ளையாக நோட்டை நீட்டவும் செய்தார்.

வாத்தியாரம்மா வாசற்படியில் உட்கார்ந்து படித்தார்.

சனி. மாலை 6.50. வானம் தெளிவு. காணவில்லை.

ஞாயிறு. மாலை 6.50. வானம் தெளிவு. காணவில்லை.

திங்கள். மாலை 6.50. வானம் தெளிவு. காணவில்லை.

நாளுக்கு ஒரு பக்கமாக ஏழு பக்கம். கையெழுத்து மணி மணியாக இருந்தது.

"செவ்வாய்க்கிழமை வானம் தெளிவா இருந்துச்சுங்களா ஐயா?"

"ஆமாங்க."

"இங்க ஆலங்கட்டி மழைங்க. நம்ம கூரையில ரெண்டு ஓடு உடைஞ்சுபோச்சு."

தெய்வசிகாமணி திருதிருவென்று முழித்தார். செவ்வாய்க்கிழமை அவர் நூல் வாங்க ஈரோட்டுக்குப் போயிருந்தார். அங்கே வெயில் மண்டையைப் பிளந்தது. ஊரில் மழை பெய்ததை யாரும் அவரிடம் சொல்லவில்லை.

"எப்ப எழுதுனீங்க?"

"போன சனிக்கிழமைங்க."

"ஏழு நாளுக்குமா?"

"ஏழு நாளுக்கும்."

மாட்டிக்கொண்டால் மனிதனுக்கு வீராப்பு வந்துவிடும். அவருக்கும் வந்தது.

"எப்படியும் தெரியாதுன்னு நீங்கதானுங்களே சொன்னீங்க? தெரியாததைப் பார்க்க நான் எதுக்கு நூத்தியெண்பது படி ஏறோணும்? எழுதினதுல பொய் என்னங்க இருக்குது? காணலைதானே!"

"மழையை விட்டுட்டீங்க."

"மழை ஒண்ணுதானுங்க!"

வாத்தியாரம்மா சிரித்துவிட்டார். திட்டுவார் என்று விறைத்துக்கொண்டு நின்ற தெய்வசிகாமணிக்குச் சிரிப்பை என்ன செய்வதென்று தெரியவில்லை.

வாத்தியாரம்மா சிரித்தபடியே ரப்பரை எடுத்தார். சனிக்கிழமையில் ஆரம்பித்தார். அவசரமில்லாமல், தாள் கசங்காமல், ஏழு பக்கத்தையும் அழித்தார். ரப்பர்த் தூளை ஊதினார். தேதிகளை மட்டும் விட்டுவைத்தார்.

பிறகு அறைக்குள் போய்த் தன்னுடைய நோட்டை எடுத்து வந்து, அவரை உட்காரச் சொல்லி மடியில் வைத்தார்.

தெய்வசிகாமணி கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தார்.

சனி. 6.40 முதல் 7.10 வரை. காற்றாலைக்கு மேலே மூன்று விரல் உயரம் வரை தேடினேன். மேற்கே புழுதி. காணவில்லை.

ஞாயிறு. 6.40 முதல் 7.15 வரை. ஒரு தரம் தெரிந்தது என்று எழுந்தே நின்றுவிட்டேன். கொக்கு. காணவில்லை.

செவ்வாய். ஆலங்கட்டி மழை. குடையோடு நின்றேன். மேகம் விலகவில்லை. காணவில்லை.

வியாழன். பள்ளிக்கூடத்தில் கூட்டம், பத்து நிமிடம் பிந்திவிட்டேன். பார்த்த வரையில் காணவில்லை. பிந்தியது என் தப்பு.

"ஆலங்கட்டியில குடையோடவா?" என்றார் தெய்வசிகாமணி.

"குடை போச்சுங்க."

அவர் திரும்ப முதலிலிருந்து படித்தார். பக்கங்களைப் புரட்டினார். நோட்டை மூடினார். மறுபடி திறந்தார்.

"கோவிச்சுக்காதீங்க வாத்தியாரம்மா. ஏழு நாள் நின்னு, ஏழு நாளும் காணலைன்னு எழுதியிருக்கீங்க. நான் வீட்டுல உக்காந்து எழுதினதும் காணலைன்னுதான். உங்க நோட்டுல மட்டும் என்னங்க கூடுதலா இருக்குது?"

"நான் இருக்கேனுங்க," என்றார் வாத்தியாரம்மா.

மேற்கே சூரியன் இறங்கிக்கொண்டிருந்தது. இன்னும் முழுசாக இறங்கவில்லை. பைனாகுலர் உறைக்குள்ளேயே கிடந்தது.

"பூபதி எப்படிங்க இருக்கான்?" என்று கேட்டார் வாத்தியாரம்மா.

"பார்க்க விட்டாத்தானுங்களே தெரியும்."

"ஞாயித்துக்கிழமை எத்தனை மணிக்குங்க வரச் சொல்லியிருக்காங்க?"

"நாலு மணிக்குங்க," என்று சொன்ன பிறகுதான், அந்த நாலு மணிக்குத் தான் ஒரு தடவைகூடப் போகவில்லை என்பது தெய்வசிகாமணிக்கு உறைத்தது.

மடியிலிருந்த நோட்டைத் திருப்பிக் கொடுத்தார். தன்னுடையதை எடுத்துக்கொண்டார். படியில் இறங்கத் தொடங்கினார். பாதிப் படியில் உட்கார்ந்து, யாரும் பார்க்காத இடத்தில், வேட்டி நுனியை வாயில் வைத்துக்கொண்டு அழுதார். ஐந்து வாரத்து அழுகை. அழுது முடித்து, மூக்கைச் சிந்திவிட்டு, மீதிப் படியையும் இறங்கினார்.

மறுநாள் மாற்றுத்துணியை அவரே எடுத்துப் போனார்.

இல்லம் ஊருக்கு வெளியே, பொட்டல் காட்டில் இருந்தது. பெரிய கேட் மூடியே இருக்கும். அதில் ஒரு சின்னக் கதவு. வாட்ச்மேன் மருதாசலம் அதைத் திறந்து பையை வாங்கி, பேரைக் கேட்டு எழுதிக்கொண்டு, மூடிவிடுவார். பையைக் கொடுத்தவர்கள் கொடுத்த கையோடு திரும்பிப் போனார்கள். வெயில் அப்படி.

"பூபதி. அவங்கப்பாங்க நானு," என்றார் தெய்வசிகாமணி.

மருதாசலம் ஒரு கணம் அவரை ஏற இறங்கப் பார்த்தார். எழுதிக்கொண்டார்.

"பார்க்க முடியாதுங்களே."

"தெரியுமுங்க."

"அப்புறம் போயிட்டு வாங்க."

"மணி அஞ்சு வரைக்கும் இருக்கலாமுங்களா?"

"இருந்து என்னங்க பண்ணப் போறீங்க?"

தெய்வசிகாமணி சுற்றிப் பார்த்தார். ரோட்டுக்கு எதிர்ப்பக்கம் ஒரு மைல்கல் இருந்தது. அதில் உட்கார்ந்தால் கட்டடம் முழுக்கத் தெரியும். அங்கே நிழல் இல்லை; நிழல் பத்தடி தள்ளி ஒரு புங்க மரத்தடியில்தான் இருந்தது. உட்கார்ந்தார்.

இரண்டு மாடி. மாடிக்கு ஆறு ஜன்னல். மேற்குப் பார்த்த கண்ணாடி எல்லாவற்றிலும் வெயில் அடித்துக் கண் கூசியது. உள்ளே ஆள் இருக்கிறதா இல்லையா ஒன்றும் தெரியவில்லை. இடது ஓரத்திலிருந்து ஒவ்வொரு ஜன்னலாகப் பார்த்தார். வலது ஓரம் வந்ததும் திரும்ப இடது ஓரத்துக்குப் போனார்.

ஐந்து மணிக்கு எழுந்தபோது கால் மரத்திருந்தது. சட்டைப்பையிலிருந்து பென்சிலை எடுத்து நோட்டில் எழுதினார். நாலு முதல் ஐந்து வரை. ஜன்னல் பன்னிரண்டு. காணவில்லை.

அந்த வாரம் விடியற்காலையில் கரட்டுக்கு ஏறினார். வாத்தியாரம்மாவும் அவரும் கிழக்கே பார்த்து நின்றார்கள். திங்கட்கிழமை காணவில்லை. செவ்வாய்க்கிழமை காணவில்லை. புதன்கிழமை மேகம்.

"உடைஞ்சிருக்குமுங்களா?" என்று ஒரு நாள் கேட்டார்.

"இருக்கலாமுங்க."

"நாளைக்கும் வர்றேனுங்க."

"வாங்க. ஸ்வெட்டர் போட்டுட்டு வாங்க, இருமறீங்க."

அடுத்த ஞாயிற்றுக்கிழமை வெயில் இன்னும் மோசம். தார் இளகிச் செருப்பில் ஒட்டியது. பையைக் கொடுத்தார். மைல்கல்லில் போய் உட்கார்ந்தார். தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு இடது ஓரத்து ஜன்னலிலிருந்து ஆரம்பித்தார்.

நாலேகால் இருக்கும். சின்னக் கதவு திறந்தது. மருதாசலம் வெளியே வந்தார். இரண்டு பக்கமும் பார்த்துக்கொண்டு ரோட்டைத் தாண்டி வந்தார்.

தெய்வசிகாமணி எழுந்தார். "என்னங்க? பையனுக்கு ஏதாச்சும் ஆயிருச்சுங்களா?"

"அதெல்லாம் ஒண்ணுமில்லீங்க, உக்காருங்க." மருதாசலம் குரலைத் தாழ்த்தினார். "உள்ள இருந்து வெளிய சேதி சொல்லக் கூடாதுங்க, இங்க அதுதான் சட்டம். நான் சொன்னேன்னு யாருகிட்டயும் சொல்லிராதீங்க."

"இல்லீங்க. சொல்லுங்க."

"உங்க பையன் வந்த வாரத்துல இருந்து ஞாயித்துக்கிழமை நாலு மணியானா மேல ஒரு ஜன்னல்லதானுங்க நிப்பான். அஞ்சு மணி வரைக்கும் நகர மாட்டான். கூப்புட்டாலும் டீக் குடிக்க வர மாட்டான்."

"வந்த வாரத்துல இருந்துங்களா?"

"ஆமாங்க. போன ஞாயித்துக்கிழமை உங்களைப் பார்த்துட்டு அவன் பண்ணின கூத்து! 'எங்கப்பா, எங்கப்பா'ன்னு மாடி பூராக் கூட்டியாந்து காட்டினானுங்க."

தெய்வசிகாமணி கட்டடத்தைப் பார்த்தார். பன்னிரண்டு ஜன்னலிலும் வெயில் எரிந்தது. எது என்று தெரியவில்லை.

"இப்ப உங்ககிட்ட ஒண்ணு சொல்லச் சொல்லிக் கெஞ்சறானுங்க. அதுக்குத்தான் வந்தேன்."

"என்னங்க?"

மருதாசலம் கையை நீட்டி, பத்தடி தள்ளி நின்ற புங்க மரத்தைக் காட்டினார்.

"வெயில்ல உக்கார வேண்டாமாம். அந்த நிழல்ல உக்காந்தாலும் மேல இருந்து நல்லாத் தெரியுதாம்."